ராஜினாமா எழுதிக் கேட்கிறார்கள், நான் கொடுக்கவில்லை. இனி எங்கே போவது?

கணக்கு டீச்சர், மார்த்தாண்டம் எழுதியது:

வணக்கம். மார்த்தாண்டம் பக்கம் ஒரு தனியார் மெட்ரிகுலேஷன் பள்ளியில் 2014 ஜூனிலிருந்து வேலை பார்க்கிறேன். 9, 10 வகுப்புகளுக்குக் கணக்கு. பள்ளியின் பெயர் வேண்டாம், ஊர் சின்னது.

மே மாதம் எங்களை அட்மிஷன் பிடிக்க வீடு வீடாக அனுப்புவார்கள். ஆளுக்கு இத்தனை பிள்ளைகள் சேர்த்தாக வேண்டும் என்று கணக்கு. இந்த வருஷம் அம்மாவை ஆசாரிப்பள்ளம் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்ததால் என்னால் சரியாகப் போக முடியவில்லை. பள்ளி திறக்கப் போகிற வாரம் கரஸ்பாண்டன்ட் கூப்பிட்டுவிட்டார். மேசையில் ஒரு தாள், என் பெயரில் டைப் அடித்துத் தயாராக இருந்தது. ‘சொந்தக் காரணங்களுக்காகப் பணியிலிருந்து விலகுகிறேன்’ என்று. தேதி போடும் இடம் மட்டும் காலி. ஆபீஸ் அக்கா பேனாவின் மூடியைக் கழற்றிக் கையில் பிடித்தபடி என் பக்கத்திலேயே நின்றார். கையெழுத்துப் போட்டால் ஒரு மாதச் சம்பளமும் ஒரிஜினல் சர்டிபிகேட்டும் உடனே தருவார்களாம். வீட்டில் கேட்டுவிட்டு வருகிறேன் என்று சொல்லி வந்துவிட்டேன்.

பள்ளி திறந்த அன்று போனேன். வருகைப் பதிவேட்டில் என் பெயர் இல்லை. ஸ்டாஃப் வாட்ஸப் குரூப்பிலிருந்தும் எடுத்துவிட்டார்கள். எழுத்தில் எதுவும் தரவில்லை. ஏன் என்று கேட்டால் ஒருவர் அட்மிஷன் என்கிறார், இன்னொருவர் ‘டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) பாஸ் பண்ணாதவர்களை வைத்திருக்கக் கூடாது என்று கோர்ட்டே சொல்லிவிட்டது’ என்கிறார்.

வீட்டுக்காரருக்கு ரப்பர் பால்வெட்டு. இந்த மழையில் அவருக்கும் வேலை இல்லை. தனியார் பள்ளி என்றால் சட்டமே கிடையாது, வேறு இடம் பார் என்கிறார்கள் கூட வேலை பார்த்தவர்கள். லேபர் கோர்ட்டா, மதுரை ஹைகோர்ட்டா, கல்வி ஆபீஸா? எங்கிருந்து தொடங்குவது?

ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர், தக்கலை எழுதியது:

மக்களே, கையெழுத்துப் போடாமல் எழும்பி வந்தீர்களே, அதுவே பெரிய காரியம். நான் கல்வித்துறை அலுவலகத்தில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன். இந்த மாதிரி மனுக்கள் என் மேசை வழியாக நிறையப் போயிருக்கின்றன. அநேகமாக எல்லாவற்றிலும் நிர்வாகத்தின் பதில் ஒரே வரிதான்: ‘மேற்படி ஆசிரியை தாமாகவே ராஜினாமா செய்துவிட்டார், நகல் இணைக்கப்பட்டுள்ளது.’ அந்த நகல் இருந்தால் நாங்கள் கோப்பை மூடிவிடுவோம். உங்கள் விஷயத்தில் அந்த நகல் இல்லை.

எந்தக் கோர்ட்டு என்பதை அப்புறம் பார்ப்போம். முதலில் அவர்களை எழுத வையுங்கள். இப்போது உங்களை நீக்கியதற்கும் தாள் இல்லை, நீக்காததற்கும் தாள் இல்லை. அதுதான் அவர்களுக்கு வசதி. இதே நிலை மூன்று மாதம் நீடித்தால் ‘சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்டார்’ என்று ஒரு மெமோவை முன்தேதியிட்டு உண்டாக்குவார்கள்.

ஆகவே இன்றைக்கே கரஸ்பாண்டன்டுக்கு ஒரு கடிதம். ஒரு பக்கம் போதும். இன்ன தேதியில் பணிக்கு வந்தேன், வருகைப் பதிவேட்டில் கையெழுத்திட அனுமதிக்கவில்லை, நான் ராஜினாமா செய்யவில்லை, பணி செய்யத் தயாராக இருக்கிறேன், நீக்கியிருந்தால் அந்த ஆணையையும் காரணத்தையும் எழுத்தில் தாருங்கள். இவ்வளவுதான். அட்மிஷன் கதை, அம்மா கதை எதுவும் வேண்டாம். நகல் நாகர்கோவிலில் முதன்மைக் கல்வி அலுவலருக்கும், மாவட்டக் கல்வி அலுவலர் (தனியார் பள்ளிகள்) என்று தனியாக இருக்கிறார், அவருக்கும். 2025-ல் பழைய பதிவுத் தபாலை ஸ்பீட் போஸ்ட்டோடு சேர்த்துவிட்டார்கள். கவுண்டரில் பதிவு சேவையோடு ஸ்பீட் போஸ்ட் என்று கேளுங்கள், பெற்றுக்கொண்டதற்கான சான்றும் சேர்த்துக் கேளுங்கள்.

கல்வி ஆபீஸில் கொடுக்கும் மனு பற்றி ஒரு வார்த்தை. ஆறு பக்க மனுவை யாரும் படிப்பதில்லை. பிரிவு எழுத்தர் பார்ப்பது பொருள் வரியையும் கடைசிப் பத்தியையும்தான். பொருள் வரியில் ‘பணிநீக்க ஆணையின்றிப் பணி மறுப்பு’ என்று இருக்கட்டும். கடைசிப் பத்தியில் ஒரே கோரிக்கை. தபால் பிரிவில் முத்திரை வாங்கிவிட்டு அப்படியே வீட்டுக்குப் போய்விடாதீர்கள். சில நாள் கழித்துப் போய் ந.க. எண், அதாவது மனுவுக்கு அலுவலகம் போடும் கோப்பு எண், என்ன என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அந்த எண் இல்லாத மனு அலுவலகத்தைப் பொறுத்தவரை பிறக்காத பிள்ளை.

மனு மேலே போனால் துறை உங்களை உடனே வேலையில் உட்கார வைத்துவிடும் என்று நினைக்காதீர்கள். துறை செய்வது விளக்கம் கேட்பது. அதற்கு நிர்வாகம் ஏதாவது ஒரு கதையைத் தேர்ந்தெடுத்துக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாக வேண்டும். ராஜினாமா என்பார்களா, நீக்கினோம் என்பார்களா, டெட் என்பார்களா? எதைச் சொன்னாலும் அப்புறம் கோர்ட்டில் மாற்றுவது கஷ்டம். எனக்குத் தெரிந்து கல்வி ஆபீஸுக்கு நடப்பதில் கிடைக்கும் பெரிய பலன் அதுதான்.

சட்டம் கிடையாது என்பது சுத்தப் பேச்சு. 1973-ஆம் வருஷத்துத் தனியார் பள்ளிகள் முறைப்படுத்தும் சட்டம் இருந்தது. அதன் 22-ஆம் பிரிவில், தகுதியுள்ள அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் ஆசிரியரையோ மற்றப் பணியாளரையோ நீக்க முடியாது. தற்காலிகப் பணிநீக்கம் என்றாலும் இரண்டு மாதத்துக்கு மேல் நீட்ட அதிகாரியிடம் போக வேண்டும். ஆனால் மெட்ரிகுலேஷன் பள்ளிகள் அதற்குள் வரவில்லை, அவற்றுக்குத் தனி விதித்தொகுப்பு. இந்த ஓட்டையை அடைக்கத்தான் எல்லாத் தனியார் பள்ளிக்கும் பொதுவாக 2018-ஆம் வருஷத்துச் சட்டம் வந்தது. விதிகள் 2023-ல் வந்தன. மனுவில் பழைய 22-ஆம் பிரிவை எழுதிவிட்டு வருகிறவர்கள் இன்னமும் உண்டு. நீங்கள் புதிய சட்டத்தின் பெயரைப் போட்டே எழுதுங்கள்.

பள்ளி வேன் ஓட்டினவன், திங்கள்நகர் எழுதியது:

டீச்சர், நானும் ஒரு பள்ளிக்கூடத்தில் வேன் ஓட்டினேன். டயர் மொட்டையாக இருக்கிறது, மாற்றாமல் பிள்ளைகளை ஏற்ற மாட்டேன் என்றதற்கு நிறுத்திவிட்டார்கள். நான் நாகர்கோவிலில் தொழிலாளர் அலுவலரிடம் மனு கொடுத்தேன். மூன்று வாய்தாவுக்கு அவர்கள் ஆள் வரவே இல்லை. பிறகு திருநெல்வேலி லேபர் கோர்ட்டு. அங்கே வழக்குக்கு நம்பர் விழுந்ததும்தான் மேனேஜர் வீட்டுக்கே வந்து பேசினார். வேலை வேண்டாம், சர்வீஸ் பணத்தைக் கொடுங்கள் என்று முடித்துக்கொண்டேன். இப்போது ஆட்டோ. நீங்களும் அங்கேயே போய்ப் பாருங்கள். சமரசப் பேச்சுக்கு வக்கீல்கூடத் தேவையில்லை.

வக்கீல், குழித்துறை எழுதியது:

அண்ணனுக்குக் கிடைத்த கதவு டீச்சருக்குத் திறக்காது. 1988-ல் கோவா பள்ளி ஆசிரியை சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம், பள்ளி தொழிற்தகராறு சட்டத்தின்படி ‘தொழில்’தான், ஆனால் ஆசிரியர் ‘தொழிலாளி’ அல்ல என்று சொல்லிவிட்டது. டிரைவர், ஆயா, ஆபீஸ் கிளார்க், வாட்ச்மேன் எல்லாம் லேபர் பக்கம் போகலாம். பாடம் எடுப்பவர் போக முடியாது. டீச்சர் அங்கே மனுப் போட்டால் இரண்டு வருஷம் கழித்து ‘இந்த மன்றத்துக்கு அதிகாரம் இல்லை’ என்று ஒரு தாள் கிடைக்கும்.

டிரைவர்களும் இப்போது கவனமாக இருக்க வேண்டும். 2025 நவம்பர் 21-ல், தொழிற்தகராறு சட்டத்துக்குப் பதிலாக, தொழில் உறவுத் தொகுப்பு என்ற புதிய சட்டம் அமலுக்கு வந்துவிட்டது. முன்பு நீக்கியதிலிருந்து மூன்று வருஷம் அவகாசம், இப்போது இரண்டு. தர்ம ஸ்தாபனம் நடத்தும் நிறுவனங்களை ‘தொழில்’ என்ற வரையறையிலிருந்தே விலக்கும் வாசகமும் அதில் இருக்கிறது. நம் மாவட்டத்தில் பாதிப் பள்ளி டிரஸ்டும் சொசைட்டியும்தான். அந்த வாதத்தோடு கண்டிப்பாக வருவார்கள்.

டீச்சர் விஷயத்துக்கு வருகிறேன். சாதாரண சிவில் கோர்ட்டில் ‘வேலையைத் திருப்பிக் கொடு’ என்று டிக்ரி வாங்குவது கஷ்டம். தனிப்பட்ட சேவை ஒப்பந்தத்தைக் கோர்ட்டு கட்டாயப்படுத்தி நிறைவேற்றாது என்பது பழைய கொள்கை. சம்பளப் பாக்கிக்கும் நஷ்ட ஈட்டுக்கும் போடலாம், மூன்று வருஷக் கெடு.

ரிட், அதாவது நேராக ஹைகோர்ட்டில் போடும் மனு, என்றால் மதுரைக் கிளை. 2022 ஆகஸ்டில் செயின்ட் மேரீஸ் எஜுகேஷன் சொசைட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம், உதவி பெறாத தனியார் பள்ளி ஓர் ஊழியரை நீக்கியது சட்டவிதி எதையும் தொடாத வெறும் ஒப்பந்தத் தகராறு என்றால் ரிட் நிற்காது என்றது. ஆனால் நீக்கத்துக்கு முன் அதிகாரியிடம் போ என்று ஒரு சட்டமே சொல்லும்போது கதை வேறு. 2019-ல் மார்வாரி பாலிகா வித்யாலயா வழக்கில் ஒப்புதல் வாங்காத நீக்கத்துக்கு ரிட் நின்றது. 2016-ல் டெல்லிப் பள்ளி டிரைவர் ஒருவரின் வழக்கிலும், அந்த ஊர்ச் சட்டப்படி முன் ஒப்புதல் உதவி பெறாத பள்ளிக்கும் கட்டாயம் என்றார்கள். ஆகவே ‘என்னை நீக்கினார்கள், நீதி தாருங்கள்’ என்று மனுப் போடக் கூடாது. எந்தச் சட்ட விதியை மீறினார்கள் என்பதுதான் மனுவின் முதுகெலும்பு. அது இல்லாத ரிட்டை, மனுவை ஏற்பதா என்று பார்க்கும் முதல் கட்டத்திலேயே தள்ளுபடி செய்வார்கள்.

கண்காணிப்பாளர் சார் சொன்ன வழி ஏன் சரி என்றால், கல்வி அலுவலர் மனுவை வைத்துக்கொண்டு ஒன்றும் செய்யாவிட்டால், ‘என் மனுவைக் குறித்த காலத்துக்குள் பைசல் செய்ய உத்தரவிடு’ என்று துறைக்கு எதிராகவே ரிட் போடலாம். துறை அரசு. அங்கே ரிட் நிற்குமா என்ற கேள்வியே வராது. அந்த உத்தரவு வந்தபிறகு அலுவலர் இரு தரப்பையும் அழைத்து விசாரித்து எழுத்தில் முடிவு சொல்ல வேண்டும். பாதகமாக வந்தாலும் மேல்முறையீட்டுக்கு ஓர் ஆணை கையில் இருக்கும்.

உங்கள் பள்ளி சிறுபான்மைப் பள்ளியா? அது தெரியாமல் மேலே எழுதுவது வீண். நம் மாவட்டத்தில் முதலில் கேட்க வேண்டிய கேள்வி அது.

டெட் பற்றி: 2025 செப்டம்பர் 1 தீர்ப்பு 1 முதல் 8 வகுப்பு வரை எடுக்கும் ஆசிரியர்களைப் பற்றியது. நீங்கள் 9, 10 மட்டும் என்றால் உங்களுக்கு அது பொருந்தாது. அதையே காரணமாக எழுதிக் கொடுத்தார்கள் என்றால் சந்தோஷமாக வாங்கி வையுங்கள்.

கணக்கு டீச்சர் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. ஆமாம், சிறுபான்மைப் பள்ளி என்றுதான் சொல்வார்கள். ‘எங்களுக்கு அந்தச் சட்டம் ஒன்றும் பொருந்தாது’ என்று கரஸ்பாண்டன்டே ஸ்டாஃப் மீட்டிங்கில் சொல்லியிருக்கிறார்.

இன்னொன்று. சம்பளப் பட்டியலில் நாங்கள் கையெழுத்துப் போடுவது ஒரு தொகை, கையில் கிடைப்பது வேறு. பேங்கில் முழுச் சம்பளம் ஏறும். ஐந்தாம் தேதிக்குள் ஒரு பகுதியை எடுத்து ஆபீஸில் ரொக்கமாகக் கட்ட வேண்டும். அதற்கு ரசீது கிடையாது. இதைக் கோர்ட்டில் சொன்னால் நானும் மாட்டுவேனா? பி.எஃப். பிடிக்கிறார்கள். அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் என் கையில் இல்லை, 2014-ல் ஆபீஸில் வாசித்துக் காட்டிக் கையெழுத்து வாங்கினார்கள், நகல் தரவில்லை. அப்புறம் இந்தச் செலவுக்கெல்லாம் என்னிடம் பணமும் இல்லை.

வக்கீல், குழித்துறை எழுதியது:

சிறுபான்மை என்றால் சட்டம் அண்டாது என்பது பாதி உண்மைகூட இல்லை. 1986-ல் ஃபிராங்க் ஆண்டனி பள்ளி ஊழியர் வழக்கைப் பாருங்கள். அதுவும் டெல்லி, உதவி பெறாத சிறுபான்மைப் பள்ளி. நீக்கத்துக்கு முன் அனுமதி வாங்க வேண்டும் என்ற பிரிவு மட்டும்தான் அவர்களைக் கட்டாது என்றார்கள். விசாரணை நடத்த வேண்டும், ஊழியர் தீர்ப்பாயத்துக்கு மேல்முறையீடு போகலாம் என்பவை சிறுபான்மை உரிமையைக் கெடுப்பவை அல்ல என்றார்கள். 2002-ல் டி.எம்.ஏ. பாய் வழக்கில் 11 நீதிபதிகள் அமர்வும் அதே வழிதான். உதவி பெறும், பெறாத சிறுபான்மை நிறுவனங்களின் ஊழியர்களுக்கு நீக்கத்தை எதிர்த்துப் போகத் தீர்ப்பாயம் வேண்டும், அதுவரை மாவட்ட நீதிபதி தகுதியுள்ள நீதித்துறை அதிகாரி அதை நடத்தலாம் என்றது. ஆகவே குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விசாரணை, பள்ளிக்குழுத் தீர்மானம் ஏதாவது உண்டா என்று நாம் கேட்பதை ‘சிறுபான்மை’ என்ற ஒரு சொல் தடுக்காது. அந்தத் தகுதிக்கான அரசாணை உண்டா, இன்னும் நடப்பில் இருக்கிறதா என்பதையும் தகவல் உரிமைச் சட்டத்தில் கல்வி ஆபீஸில் கேளுங்கள். பள்ளி பதில் சொல்லத் தேவையில்லை, ஆபீஸ் சொல்லியாக வேண்டும்.

சம்பளத்தைத் திருப்பிக் கட்டிய விஷயத்தில் பயப்பட ஒன்றும் இல்லை. வாங்கினவர்களுக்குத்தான் பிரச்சினை. பாஸ்புக்கில் சம்பளம் ஏறிய மறுநாளோ அதற்கடுத்த நாளோ ஒரே மாதிரித் தொகையை ஒவ்வொரு மாதமும் எடுத்திருப்பீர்கள், அதுவே பேசும். ஆனால் முதல் கடிதத்தில் இதை எழுதாதீர்கள். பேங்கில் ஏறிய சம்பளம்தான் உங்கள் சம்பளம் என்று நிற்பது உங்களுக்கு லாபம்.

லாபம் எங்கே என்றால் பணிக்கொடையில் (கிராஜுவிட்டி). ஆசிரியர்களுக்குப் பணிக்கொடை கிடையாது என்று இன்னமும் பல பள்ளிகளில் சொல்கிறார்கள். 2009-ல் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதலே உண்டு என்று ஆக்கினார்கள். தனியார் பள்ளிகள் உச்ச நீதிமன்றம் வரை போய் 2022-ல் தோற்றன. கணக்கு டீச்சருக்கு நான் கணக்குச் சொல்ல வேண்டாம், இருந்தாலும்: கடைசி அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்த தொகையை 26-ஆல் வகுத்து 15-ஆல் பெருக்கினால் ஒரு வருஷத்துக்கு உரியது. 15,600 ரூபாய் என்றால் வருஷத்துக்கு 9,000. பன்னிரண்டு வருஷத்துக்கு 1,08,000. ராஜினாமா செய்தாலும் நீக்கினாலும் ஐந்து வருஷம் முடிந்தவருக்கு இது உண்டு. கேட்டு 30 நாளில் தராவிட்டால் தொழிலாளர் துறையில் பணிக்கொடைக்கான அதிகாரியிடம் போகலாம். ஆசிரியர் தொழிலாளியா என்ற கேள்வி இங்கே வராது. வேலைக்கான வழக்கு ஒரு பக்கம் நடக்கட்டும், இதைத் தனியாக நடத்துங்கள். பலருக்கு முதலில் கையில் வரும் பணம் இதுதான்.

செலவுக்கு: பெண்கள் வருமானக் கணக்கு இல்லாமலே இலவச சட்ட உதவிக்கு உரியவர்கள். நாகர்கோவில் கோர்ட்டு வளாகத்தில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, 15100-க்கும் கூப்பிடலாம். இலவசம் என்றால் வக்கீல் சரியாக இருக்க மாட்டார் என்று சொல்வார்கள். ஆள் ஆளைப் பொறுத்தது, காசு கொடுத்தாலும் அப்படித்தான்.

ஒரு பள்ளி ஆபீஸ் கிளார்க், அழகியமண்டபம் எழுதியது:

மற்றவர்கள் சொல்லாத ஒன்றைச் சொல்லிவிட்டுப் போகிறேன், நானும் இந்த வேலையில்தான் இருக்கிறேன். டீச்சர், ஆர்டர் நகல் இல்லை என்று கவலைப்படாதீர்கள். பத்தாம் வகுப்பு விடைத்தாள் திருத்தப் போயிருப்பீர்கள் அல்லவா? அந்தப் பணி ஆணையில் உங்கள் பெயரும் பள்ளியின் பெயரும் பாடமும் சேர்ந்து இருக்கும், அதுவும் துறை கொடுத்த தாளாக. தேர்வுக் கண்காணிப்பாளர் டியூட்டி ஆணையும் அப்படியே. எமிஸில் (பள்ளிக்கல்வித் துறையின் இணையப் பதிவு) ஆசிரியர் விவரத்தில் உங்கள் பெயர் இருக்கும், நீக்குவதற்கு முன் யாரையாவது விட்டுத் திரையைப் படம் எடுத்து வையுங்கள்.

பி.எஃப். பாஸ்புக்கை உமாங் செயலியில் திறந்து, பணி முடிந்த தேதி ஏற்றியிருக்கிறார்களா என்று பாருங்கள். அதில் காரணம் என்று ஒன்று போட வேண்டும். எங்கள் மாதிரி ஆட்கள் யோசிக்காமல் ஏதாவது ஒன்றை அழுத்திவிடுவோம். நீங்களாகவே விலகியது போல இருந்தால் உடனே நாகர்கோவில் பி.எஃப். ஆபீஸுக்கு ஆட்சேபம் எழுதுங்கள்.

கணக்கு டீச்சர் எழுதியது:

விடைத்தாள் திருத்திய ஆர்டர் நான்கு வருஷத்துக்கு உரியது வீட்டில் இருக்கிறது! அதை வைத்திருந்ததே எனக்கு நினைவில்லை. உமாங் பார்த்தேன், இன்னும் தேதி ஏற்றவில்லை.

கடைசியாக ஒன்று. கருங்கல் பக்கம் ஒரு பள்ளியில் கூப்பிடுகிறார்கள், சம்பளம் குறைவு. அங்கே சேர்ந்தால் என் வழக்கு போய்விடுமா? ஒரிஜினல் சர்டிபிகேட் இல்லாமல் சேர்க்கவும் மாட்டார்கள். இவர்கள் தர மாட்டேன் என்கிறார்கள்.

வக்கீல், குழித்துறை எழுதியது:

சேருங்கள். வழக்கு போகாது. நீக்கம் தவறு என்றால் வேலையும் நிலுவைச் சம்பளமும் என்பது பொது விதி. 2013-ல் தீபாலி குண்டு சுர்வசே என்ற மகாராஷ்டிரா ஆசிரியைக்கு முழு நிலுவைச் சம்பளமே கொடுத்தார்கள். ஆனால் இடையில் வேறு வருமானம் இல்லை என்று முதலில் ஆசிரியர் சொல்ல வேண்டும், உண்டு என்று நிர்வாகம் நிரூபிக்க வேண்டும். நீங்கள் சேர்ந்தால் அந்தச் சம்பளத்தைக் கழித்துக்கொள்வார்கள், அவ்வளவே. மறைக்க மட்டும் செய்யாதீர்கள். புதிய பள்ளியின் ஆர்டரை ஃபைலில் போட்டு வையுங்கள்.

ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர், தக்கலை எழுதியது:

சர்டிபிகேட்டுக்குத் தனிக் கடிதம் எழுதுங்கள் மக்களே, முதல் கடிதத்தோடு சேர்க்காதீர்கள். எந்தெந்தச் சான்றிதழ், எந்த வருஷம், பதிவு எண் என்ன என்று வரிசையாக எழுதி, ஏழு நாளில் தரும்படி கேளுங்கள். அதிலும் ‘நான் பணியிலிருந்து விலகியதால்’ என்ற வார்த்தை எங்கேயும் வந்துவிடக் கூடாது. திருப்பித் தரும்போது ரசீதுப் புத்தகத்தில் கையெழுத்துக் கேட்பார்கள், வரியை வாசித்துவிட்டுப் போடுங்கள். ‘கணக்குத் தீர்ந்தது, பாக்கி எதுவும் இல்லை’ என்று அச்சடித்திருந்தால் அதை அடித்துவிட்டு, ‘சான்றிதழ்கள் மட்டும் பெற்றுக்கொண்டேன்’ என்று உங்கள் கையால் எழுதித் தேதியும் போடுங்கள். வீட்டுக்காரரையும் கூட்டிக்கொண்டு போங்கள். மழை விட்டால் அவரை விடியற்காலையில் பிடிக்க முடியாது, அதனால் இந்த வாரமே.